யானைக் கடிகாரமும் நாம் கடிந்துகொண்ட மாணவனும்



இராஜபாளையத்தில் நாம் ஓதிக்கொடுக்கும் மதரஸாவில், அஸர் தொழுகை முடிந்ததும் பிள்ளைகள் வந்து அமர்வார்கள். மஃரிப் பாங்கு வரை ஓதுவார்கள். ஓர் ஆடி மாத மாலையில், ஒரு சிறுமியை அழைத்துச் செல்ல வந்த தாயார் தம் கைப்பேசியில் ஒரு காணொளியைக் காட்டினார். துபாயில் வேலை பார்க்கும் அச்சிறுமியின் அத்தா அனுப்பியது அது. அங்குள்ள இப்னு பதூதா வணிக வளாகத்தில், பல ஆள் உயரத்திற்கு ஒரு யானை நிற்கிறது. அதன் முதுகில் ஓர் அம்பாரி. உச்சியில் ஒரு பறவை சுழல்கிறது, பருந்தின் வாயிலிருந்து ஓர் உருண்டை விழுகிறது, பாம்பொன்று அதனைக் கவ்விக்கொண்டு கீழே தாழ்கிறது, பாகன் கையை ஓங்கி அடிக்கிறான், மணியோசை எழுகிறது.

பிள்ளைகள் வாயைப் பிளந்து பார்த்தார்கள். “ஹஜ்ரத், இது சூனியமா?” என்று ஒருவன் கேட்டான். “நேரத்தைக் கட்டிப்போடுற மந்திரமா?” என்று மற்றொருவன் கேட்டான். “இல்லை, இது ஒரு கடிகாரம். முஸ்லிம் ஒருவர் எண்ணூறு ஆண்டுகளுக்கு முன்னர் செய்தது” என்றோம். அதுவரை நமக்குத் தெரியும். “உள்ள என்ன இருக்கு? எப்படி ஓடுது?” என்ற அடுத்த கேள்விக்கு நம்மிடம் விடை இல்லை.

அவ்வேளையில் நம் கண்கள் பாயின் மூன்றாம் வரிசைக்குச் சென்றன. அங்கே ஓர் இடம் காலியாக இருந்தது. அக்கேள்விக்கு விடை தேடக்கூடிய ஒரே மாணவன் மூன்று வாரங்களாக மதரஸாவுக்கு வரவில்லை. அவன் வராமல் போனதற்குக் காரணம் நாம்தாம்.

அவனுக்கு வயது பன்னிரண்டு. அவனுடைய அத்தா சத்திரப்பட்டிப் பக்கம் மருத்துவக் கட்டுத்துணி நெய்யும் விசைத்தறிக் கூடத்தில் வேலை செய்கிறார். மனனத்தில் அவன் பின்தங்கியவன். ஒரு சூராவை மற்றவர்கள் நான்கு நாளில் ஒப்பித்தால் அவனுக்கு இரண்டு வாரங்கள் ஆகும். ஆனால் மின்விசிறி ஓசையிட்டால் முதலில் நிமிர்ந்து பார்ப்பவன் அவனே. ஒருநாள் நாம் தொழுகையிலிருந்து திரும்பியபோது, வகுப்பறைச் சுவரில் இருந்த பழைய பெண்டுலக் கடிகாரம் பாயின் மீது திறந்து கிடந்தது. அவன் கையில் திருப்புளி. நாம் காரணம் கேட்கவில்லை. ஓதுவதற்கு வக்கில்லை, பொதுச் சொத்தைப் பாழாக்க மட்டும் தெரிகிறதா என்று எல்லோர் முன்னிலையிலும் கடிந்துகொண்டு, மஃரிப் வரை சுவரோரம் நிற்க வைத்தோம். மறுநாள் முதல் அவன் வரவில்லை. ‘பிள்ளைகள் கோபித்துக்கொள்வதும் திரும்புவதும் இயல்புதானே’ என்று நாமும் இருந்துவிட்டோம்.

நம் வீடு ஸ்ரீவில்லிபுத்தூரில். அங்கிருந்து இராஜபாளையத்திற்குப் பேருந்தில் அரைமணி நேரப் பயணம். காணொளியைப் பார்த்த மறுநாளிலிருந்து அந்த அரைமணி நேரத்தை யானைக் கடிகாரத்தைச் செய்தவரைப் பற்றிப் படிப்பதற்கென ஒதுக்கினோம். பிள்ளைகளுக்கு விடை சொல்லவேண்டும் என்பதே நோக்கமாக இருந்தது. படிக்கப் படிக்க அப்படிப்பு நம்மையே விசாரிக்கத் தொடங்கியது.

அவர் பெயர் இஸ்மாயீல். அல்-ஜஸரீ என்று உலகம் அழைக்கிறது. யூப்ரடீஸ், டைக்ரிஸ் ஆறுகளுக்கு இடைப்பட்ட ஜஸீரா நாட்டவர் என்பது பொருள். அவர் பெயரோடு சேர்ந்து வரும் ‘இப்னுர் ரஸ்ஸாஸ்’ என்பதற்கு அரிசி வணிகரின் மகன் என்று பொருள். இன்று துருக்கியில் தியார்பக்கிர் எனப்படும் ஆமித் நகரில், அர்துகீ மன்னர்களிடம் சுமார் 25 ஆண்டுகள் தலைமைப் பொறியாளராகப் பணியாற்றினார். அவருடைய நூலில் அவருக்கு இரு பட்டங்கள் காணப்படுகின்றன. ஒன்று, ‘ரஈசுல் அஃமால்’, வேலைகளுக்கெல்லாம் தலைவர். மற்றொன்று, ‘பதீஉஸ் ஸமான்’, காலத்தின் அற்புதம். கம்மியர், தச்சர் வேலைகளுக்குத் தலைமை தாங்கி, நீரையும் மெழுகுவர்த்தியையும் கொண்டு காலத்தை அளந்து காட்டிய மனிதருக்கு இதைவிடப் பொருத்தமான பட்டம் வேறு உண்டோ!

மன்னர் நாசிருத்தீன் மஹ்மூதின் விருப்பப்படி, தாம் செய்த கருவிகளை அவர் ஒரு நூலாக எழுதினார். ஹிஜ்ரி 602, அதாவது கி.பி. 1206இல் அது நிறைவுற்றது. நூலின் பெயரில் ‘ஹியல்’ என்ற சொல் வருகிறது. மதரஸாவில் ஓதியவர்களுக்கு இச்சொல் பழக்கமானது. ‘ஹீலா’ என்பதன் பன்மை. தந்திரம், உபாயம் என்று பொருள். ஃபிக்ஹு பாடத்தில் சட்டத்தைச் சுற்றிக்கொண்டு போகும் தந்திரங்களை அச்சொல்லால் குறிப்போம். அல்-ஜஸரீயின் காலத்திலோ பொறியியல் நுட்பங்களுக்கும் அதுவே பெயர். கண்டவர் மயங்கும்படி இயங்கும். ஆனால் உள்ளே இருப்பது நீரும் எடையும் கயிறும் மட்டுமே.

அந்நூலில் 50 கருவிகள் உள்ளன. அவற்றுள் கடிகாரங்கள் 10: நீரால் இயங்குபவை 6, மெழுகுவர்த்தியால் இயங்குபவை 4. நீரை மேலேற்றும் கருவிகள் 5. உளூச் செய்வதற்கு நீர் ஊற்றும் கருவிகளும் உண்டு. பணியாள் நீர் ஊற்றி நிற்பதை மன்னர் ஒருவர் விரும்பாததால் அத்தகைய கருவியொன்று செய்யப்பட்டது என்பதைப் படித்தபோது, பள்ளிவாசல் ஹவ்ளின் கரையில் அமர்ந்து உளூச் செய்யும் நமக்கு அவர் சற்று நெருங்கி வந்தது போல் இருந்தது.

இப்போது யானைக்கு வருவோம். யானையின் வயிற்றுக்குள் ஒரு நீர்த்தொட்டி மறைந்திருக்கிறது. அதில் ஒரு கிண்ணம் மிதக்கிறது. கிண்ணத்தின் அடியில் மிகச் சிறிய துளை. துளை வழியே நீர் மெல்ல ஏற, கிண்ணம் அரைமணி நேரத்தில் நிறைந்து மூழ்கும். மூழ்கும்போது அது ஒரு கயிற்றை இழுக்கும். மேலே உருண்டை ஒன்று விடுபடும். அந்த உருண்டையின் எடையால் பாம்பு தாழும். தாழும் பாம்பு சங்கிலியின் வழியே மூழ்கிய கிண்ணத்தைத் தூக்கி நீரைக் கொட்டிவிடும். பாம்பு உருண்டையைக் கலயத்தில் விட்டுவிட்டு மீண்டும் நிமிரும். கிண்ணம் மறுபடி மிதக்கத் தொடங்கும். மேலே உருண்டைகள் உள்ளவரை எவரும் தொடவேண்டியதில்லை.

இதைப் படித்தபோது நாம் பேருந்தில் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டோம். ஏனெனில் துளையிட்ட அந்தக் கிண்ணம் நமக்கு அந்நியமானதன்று. அது நம் நாட்டின் நாழிகை வட்டில். நீரில் மிதக்கவிட்ட வட்டில் ஒருமுறை மூழ்கினால் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். 60 நாழிகை ஒரு நாள். கடிகாரம் என்ற சொல்லுக்கும் அந்தக் கடிகை என்னும் கலமே வேர். பாசறையில் நீர்க்கலம் கொண்டு பொழுதை அளந்து அரசனுக்கு அறிவிப்போர் சங்க நூலாகிய முல்லைப்பாட்டிலேயே வருகிறார்கள். அல்-ஜஸரீ இந்தியக் கிண்ணத்தை இந்திய யானையின் வயிற்றில் வைத்தார். அதன்மேல் கிரேக்கரின் நீர்ப்பொறி மரபையும் சீனத்துப் பாம்பு வடிவையும் அரபு உருவங்களையும் சேர்த்தார். எங்கிருந்து கற்றோம் என்பதை மறைக்காத கருவி அது. மேற்குத் தொடர்ச்சி மலையின் யானைக் காடுகளுக்கு அடியில் வாழும் நமக்கு, அந்த யானை ஊருக்குத் திரும்பி வந்தது போன்ற மகிழ்ச்சி.

மறுநாள் பிள்ளைகளிடம் சூனியத்தைப் பற்றிய கேள்விக்கு விடை சொன்னோம். “சூனியக்காரன் தன் வித்தையை மறைப்பான், மறைத்தால்தான் அவனுக்குப் பிழைப்பு. இவரோ ஒவ்வொரு கருவியையும் படம் வரைந்து, பாகங்களுக்கு எழுத்துக் குறியிட்டு, எந்த உலோகம், என்ன அளவு, எப்படி ஒட்டுவது என்று எழுதிவைத்தார். தமக்குப் பின்னர் வருபவனும் செய்யவேண்டும் என்று விரும்பினார். திறந்து காட்டுவது கைத்தொழில், மூடி மயக்குவது சூனியம்” என்றோம். அவ்வாறே அந்நூலைப் பின்பற்றி நம் காலத்தில் அந்த யானையை மீண்டும் கட்டியிருக்கிறார்கள் என்பதையும் சொன்னோம்.

சொல்லி முடித்ததும் நம் வார்த்தையே நம்மைத் தைத்தது. திறந்து பார்த்தவனைத்தானே நாம் சுவரோரம் நிறுத்தினோம்!

அல்-ஜஸரீயிடம் நாம் கண்ட மற்றொரு பண்பு, செய்து பார்க்காத எதையும் நம்பாமை. முன்னோர் எழுதியவற்றை மதித்துப் படித்தார். படித்ததைச் செய்து பார்த்தார். நீரின் ஓட்டத்தை ஒழுங்குபடுத்த முன்னோர் வகுத்த அளவு பிழைபட்டபோது, தாமே மீண்டும் மீண்டும் சோதித்துத் திருத்தினார். அக்காலத்தில் பகல் எவ்வளவு நீண்டாலும் 12 பங்காகப் பிரிப்பார்கள். நம் ஊரில் ஆண்டின் நீண்ட பகலுக்கும் குறுகிய பகலுக்கும் ஏறத்தாழ 1 மணி நேரமே வேறுபாடு. ஆமித் நகரிலோ அது 5 மணி நேரத்திற்கும் மேல். ஆகவே நாள்தோறும் மாறும் மணியின் நீளத்திற்கு ஏற்ப நீரின் ஓட்டத்தையும் நாள்தோறும் மாற்றியாகவேண்டும். தம் கோட்டைக் கடிகாரத்தில் அதனையும் அவர் செய்து முடித்தார். பிழையைப் பாவமாகக் கருதியிருந்தால் அவரால் ஒரு கிண்ணத்துக்குக்கூடத் துளையிட்டிருக்க இயலாது.

இந்த மார்க்கத்தில் நேரத்திற்கு உள்ள இடத்தை நாம் அறிவோம். தொழுகை நேரம் குறிக்கப்பட்ட கடமை. காலத்தின் மீது சத்தியமிட்டுத் தொடங்கும் அல்-அஸ்ர் சூராவைப் பிள்ளைகளுக்கு ஆரம்பத்திலேயே ஓதிக்கொடுக்கிறோம். பெரிய பள்ளிவாசல்களில் நேரம் கணிப்பதற்கென்றே ‘முவக்கித்’ என்ற பதவி இருந்தது. டமாஸ்கஸின் உமையாப் பள்ளியில் அப்பதவி வகித்த இப்னுஷ் ஷாத்திர், 1371ஆம் ஆண்டளவில் அதன் மினாராவுக்கென ஒரு நிழற்கடிகாரம் செய்தார்; அவர் பெரும் வானியல் அறிஞரும் ஆவார். நம்மிடம் இன்று அச்சிட்ட தொழுகை நேர அட்டவணை உள்ளது. அதில் உள்ள எண்கள் எங்கிருந்து வருகின்றன என்று கேட்கும் மாணவன் நம்மிடம் எத்தனை பேர்?

இராஜபாளையத்துக்காரர்களுக்கு நேரம் என்றால் மில் சங்கு. 1936இல் பி.ஏ.சி. இராமசாமி ராஜா இராஜபாளையம் மில்லைத் தொடங்கிய பின்னர், பஞ்சாலைகள் இவ்வூரின் பொழுதையே பங்கிட்டுவிட்டன. நம் சிறுவயதில் சங்கு ஊதும் ஓசையைக் கேட்டே அடுப்புகள் மூட்டப்பட்டன, பள்ளிக்கூடத்திற்குக் கிளம்பினோம். நம் அத்தாவும் மில் தொழிலாளி. இரவு ஷிப்ட் முடிந்து வந்து ஃபஜ்ர் தொழுதுவிட்டுப் படுப்பார். இயந்திரம் ஏன் நின்றது என்பதை ஓசையிலேயே அறிந்துவிடுவார் என்று அவருடன் வேலை பார்த்தவர்கள் சொல்வார்கள். அந்த அறிவை அவர் ஒருபோதும் அறிவென்று எண்ணியதில்லை, நாமும் எண்ணியதில்லை. மகன் கிதாபு ஓதுகிறான் என்பதே அவருடைய பெருமை. மகனோ தன் அத்தாவின் கைகள் என்ன அறிந்திருந்தன என்று ஒருநாளும் கேட்கவில்லை. அவர் மவுத்தாகிப் பதினோர் ஆண்டுகள் ஆகின்றன.

அன்று வியாழக்கிழமை. வகுப்பு முடிந்ததும் அந்த மாணவனின் வீட்டிற்குச் சென்றோம். திண்ணையில் இருந்த பாட்டனார் பதறி எழுந்து, “நீங்க எதுக்கு ஹஜ்ரத் இவ்வளவு தூரம்? சொல்லிவிட்டா நாங்க அவனைக் கூட்டிக்கிட்டு வந்திருப்போம்ல?” என்றார். நாம் வந்தது அவனைத் திட்டுவதற்கு என்று அவர் நினைத்துவிட்டார். அவன் கதவுக்குப் பின்னால் நின்றான்.

“அன்றைக்கு ஏன் கடிகாரத்தைத் திறந்தாய்? கேட்காமலேயே தண்டித்துவிட்டோம். இப்போது கேட்கிறோம்” என்றோம்.

நீண்ட நேரம் பேசவில்லை. பின்னர் தலையைக் குனிந்தபடியே சொன்னான்: “அது தினமும் மூணு நிமிஷம் பிந்துது ஹஜ்ரத். மோதினார் பாய் வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை முள்ளைத் திருப்பி வைக்கிறாங்க. மறுபடியும் பிந்துது. பெண்டுலத்துக்குக் கீழ ஒரு திருகாணி இருக்கும். அது தளர்ந்து குண்டு இறங்கிடுச்சு. ஏத்தி வச்சா சரியாயிடும்னு பார்த்தேன்.”

பெண்டுலத்தின் குண்டு தாழ்ந்தால் ஊசல் நீளும், ஊசல் நீண்டால் ஆட்டம் மெதுவாகும், கடிகாரம் பிந்தும். நூலிழை அளவு ஏற்றினால் போதும். மாதக்கணக்கில் நாம் முள்ளைத் திருப்பிக்கொண்டிருந்தோம். அவன் காரணத்தைத் தேடினான். தொழுகையின் நேரம் தவறக்கூடாது என்று போதிக்கும் நம்மை விட, அந்த மூன்று நிமிடத்தைப் பற்றிக் கவலைப்பட்டவன் அவன்.

அவன் பாட்டனாரின் முன்னிலையிலேயே மன்னிப்புக் கேட்டோம். எல்லோர் முன்னிலையிலும் அவமதித்துவிட்டு வீட்டில் மட்டும் மன்னிப்புக் கேட்பது நீதியாகாது என்பதால், வகுப்பிலும் கேட்போம் என்று சொன்னோம். அவன் “வேணாம் ஹஜ்ரத்” என்றான். ஆயினும் சனிக்கிழமை அவன் வந்தபோது, பிள்ளைகள் முன்னிலையில் கேட்டோம். அன்று மதரஸாவில் நிலவிய அமைதி இன்றும் நினைவில் உள்ளது.

பிறகு கடிகாரத்தை அவன் கையில் கொடுத்தோம். இரண்டு முறை ஏற்றி, ஒரு முறை இறக்கி, ஒரு வாரம் கவனித்து நிறுத்தினான். யானையின் வயிற்றில் உள்ளது என்ன என்று அவனுக்குப் படத்தைக் காட்டினோம். மறுவாரம் ஓர் அலுமினியக் கிண்ணத்துடன் வந்தான். கோணி ஊசியால் துளையிட்டிருந்தான். வாளி நீரில் விட்டபோது நான்கு நிமிடத்தில் மூழ்கிவிட்டது. பிள்ளைகள் சிரித்தார்கள், அவனும் சிரித்தான். அடுத்த கிண்ணத்திற்குத் தையல் ஊசி. அது நாற்பது நிமிடம் மிதந்தது. நீரில் தூசு இருந்தால் துளை அடைபடுகிறது என்று கண்டுபிடித்துத் துணியால் வடிகட்டினான். அவனுடைய அத்தா கொடுத்த கட்டுத்துணிதான் அது. ஆடிக் காற்றில் வாளி நீர் தளும்பினால் கணக்குத் தவறுகிறது என்று மூலைக்கு நகர்த்தினான். ஆறாவது கிண்ணம் 24 நிமிடத்திற்கு அரை நிமிடம் முன்பின்னாக மூழ்கியது. ஒரு நாழிகை.

ஆகஸ்ட் மாத இறுதியில் மற்றொரு பாடமும் நடந்தது. நம் ஊர் நிலநடுக்கோட்டிற்கு வடக்கே ஏறத்தாழ ஒன்பதரைப் பாகையில் உள்ளது. ஆகவே ஆண்டில் இரு முறை, சித்திரை பிறக்கும் நாளையொட்டியும் ஆகஸ்ட் இறுதியிலும், சூரியன் நம் உச்சிக்கு நேராக வருகிறது. ஒரு விடுமுறை நாளில் முற்றத்தில் ஒரு குச்சியை நட்டுப் பிள்ளைகளைச் சுற்றி நிற்கவைத்தோம். கடிகாரம் 12:20ஐத் தாண்டியபோது குச்சியின் நிழல் அதன் காலடியிலேயே ஒடுங்கிவிட்டது. கடிகாரத்தின் 12 மணி நம் உச்சிவேளை அன்று. நாட்டு நேரம் நமக்குக் கிழக்கே உள்ள தீர்க்கரேகையை வைத்துக் கணக்கிடப்படுகிறது. உச்சி சாய்ந்த பின்னரே லுஹர் தொடங்குகிறது; நிழல் பொருளின் இருமடங்காகும்போது ஹனஃபீ வழக்கில் அஸர், ஒருமடங்கிலேயே ஷாஃபிஈ வழக்கில் அஸர். கிதாபில் பல ஆண்டுகளாக ஓதிக்கொடுத்த பாடத்தை அன்றுதான் நாமும் முதன்முறையாகக் கண்ணால் கண்டோம். குச்சிக்கு அருகே மண்டியிட்டு, சாயத் தொடங்கிய நிழலின் நுனியில் கூழாங்கல் வைத்தவன் அந்த மாணவன்தான்.

உஸ்தாத் என்ற சொல்லைப் பாருங்கள். நம்மிடையே அது மார்க்கக் கல்வி போதிப்பவரைக் குறிக்கிறது. துருக்கியில் தச்சரையும் கொத்தனாரையும் பழுது நீக்குபவரையும் ‘உஸ்தா’ என்றே மதிப்புடன் அழைக்கிறார்கள். ஒரே சொல். எங்கோ நாம் அதனை இரண்டாக அறுத்து, ஒரு பாதியை மட்டும் வைத்துக்கொண்டோம். மனனத்தில் சிறந்த பிள்ளைக்கு மேடையில் பரிசு கொடுக்கிறோம், அது தகும். கையால் சிந்திக்கும் பிள்ளைக்கு, தான் மார்க்கத்திற்கு உதவாதவன் என்ற எண்ணத்தைக் கொடுத்து அனுப்பிவிடுகிறோம். அரிசி வணிகரின் வழியில் வந்த ஒருவரின் கைகளுக்கு ஆமித் நகரம் 25 ஆண்டுகள் இடமளித்தது. நம் மஹல்லாக்களில் அத்தகைய கைகளுக்கு இடம் இருக்கிறதா என்று மதரஸா நடத்தும் ஒவ்வொருவரும் தம்மிடம் கேட்டுக்கொள்ளவேண்டும். இதை எழுதும் நாமே முதலில் கேட்டுக்கொள்கிறோம்.

அந்த மாணவன் இன்னும் மெதுவாகவே ஓதுகிறான். சென்ற மாதம் சூரா அல்-முல்க்கை முடித்தான். நான்கரை மாதங்கள் ஆயின. நாம் அவசரப்படுத்தவில்லை. வகுப்பறையின் மூலையில் அவனுடைய ஆறாவது கிண்ணம் நீரில் மிதக்கிறது. அது மூழ்கி அடியைத் தட்டும் சிறு ஓசை கேட்டால் பிள்ளைகள் கிதாபுகளை மூடி ஓய்வெடுக்கலாம் என்பது இப்போது நம் வகுப்பின் வழக்கம். ஓசை வரும்வரை மூன்றாம் வரிசையில் ஒரு காது எப்போதும் அந்த மூலையையே கேட்டுக்கொண்டிருக்கிறது என்பது நமக்குத் தெரியும். தெரிந்தும் நாம் கண்டிப்பதில்லை.

எங்கள் அவசரத்தால் ஒடிந்த பிள்ளைகளின் உள்ளங்களை அல்லாஹ் ஒட்டவைப்பானாக. எங்கள் தந்தையரின் உழைத்த கைகளுக்கு அவன் நற்கூலி வழங்குவானாக. ஆமீன்.